தப்பாகச் சொன்னால் பிஸ்கட்

பக்கத்து வீட்டுக் குழந்தை செல்போனில் விளையாடிக்கொண்டிருந்தது. போன் 'ம்மா' என்று கத்தும். அது என்ன சத்தம் என்று சொல்ல வேண்டும். குழந்தை மாடு என்றதும் போனே கைதட்டியது. எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. இதே விளையாட்டை விளையாட்டாக நடத்தி ஒரு பெண்ணின் வேலைக்கு உலை வைக்கப் பார்த்தவள் நான்.

அப்போது ராயபுரத்தில் ஒரு பனியன் கம்பெனியின் குழந்தைகள் காப்பகத்தில் நான் டீச்சர். வயது பத்தொன்பது. டீச்சர் என்றதும் பெரிதாக நினைத்துவிடாதீர்கள். மூக்குத் துடைப்பதுதான் பாதி வேலை. பொம்மை ஒன்றும் கிடையாது. பிள்ளைகளைக் கண்ணை மூடச் சொல்லி டம்ளரைத் தட்டுவேன், சாவிக்கொத்தை ஆட்டுவேன், காகிதத்தைக் கிழிப்பேன். என்ன சத்தம் என்று சரியாகச் சொன்னால் ஒரு பிஸ்கட். ஒரே வாரத்தில் சரக்கு தீர்ந்துபோனது. பிள்ளைகள் பலகைத் தடுப்புக்கு அந்தப் பக்கம் காதை வைத்தார்கள். அங்கே அவர்களுடைய அம்மாக்கள் முப்பது தையல் மெஷின்களை ஓட்டிக்கொண்டிருந்தார்கள்.

"எங்கம்மா மிஷின் நின்னுருச்சு" என்றாள் நான்கு வயது ரோசி. எட்டிப் பார்த்தேன். அவளுடைய அம்மா மேரியக்கா தண்ணீர் குடிக்கப் போயிருந்தார்.

பெருமை தாங்காமல் சூப்பர்வைசரிடம் போய்ச் சொன்னேன். சும்மா கிடந்த சங்கை ஊதிக் கெடுத்த ஆண்டி நான்தான். மறுநாளே மனிதர் நாற்காலியோடு காப்பகத்துக்குக் குடிவந்துவிட்டார்.

"ரோசிக் கண்ணு, அம்மா மிஷின் ஓடுதா?"

"இல்லீங்க."

உடனே தடுப்புக்கு மேலே எக்கி, "மேரி எங்க போச்சு?" என்று கத்துவார். மூன்றாம் நாள், இன்னொரு தரம் எழுந்தால் வேலைக்கே வர வேண்டாம் என்று சொல்லிவிட்டார். தென்காசிப் பக்கமிருந்து பிழைக்க வந்தவர் மேரியக்கா. நேரே என் முன்னால் வந்து நின்றார்.

"ஏம்மா டீச்சர், ஒண்ணுக்குப் போவக்கூட எம்மவகிட்ட லீவு கேக்கணுமா?"

எனக்கு வெட்கமாகவும் பயமாகவும் இருந்தது. அன்றைக்கே சட்டத்தை மாற்றினேன். தப்பாகச் சொன்னால்தான் பிஸ்கட்.

"பொய் சொன்னா சாமி கண்ணக் குத்தும் டீச்சர்" என்று ரோசி அழுதாள். இரண்டாவது பிஸ்கட்டில் சாமி தோற்றது.

மறுநாள் சூப்பர்வைசர் வழக்கம்போலக் கேட்டார்.

"யானை போகுதுங்க" என்றாள் ரோசி.

இன்னொருத்தன் ரயில் என்றான். "மழை பேயுதுங்க" என்று ஒரு பொடிசு அடித்துச் சொன்னதை நம்பி, மனிதர் காயப்போட்டிருந்த துணியை எடுக்க வெயிலில் ஓடினார். திரும்பி வந்து, "ஏனுங் டீச்சர், எல்லாத்துக்கும் காதுல கோளாறுங்க. டாக்டர்கிட்ட காட்டுங்க" என்று சொல்லிவிட்டு நாற்காலியைத் தூக்கிக்கொண்டு போனார். கொஞ்ச நேரத்தில் அந்தப் பக்கம் மேரியக்காவின் மெஷின் நின்றது. ரோசி என்னைப் பார்த்தாள். வாயைத் திறக்கவில்லை.

போன மாதம் தெரிந்த பெண்ணுக்கு வேலை கேட்டு அதே கம்பெனிக்குப் போனேன். காப்பகத்தில் அட்டைப்பெட்டிகளை அடுக்கியிருக்கிறார்கள். புது மெஷின்களுக்கு அவ்வளவாகச் சத்தமும் இல்லை. ஒவ்வொன்றிலும் ஒரு சின்னத் திரை. மெஷின் நின்றால் உள்ளே ஆபீசில் தெரிந்துவிடுமாம். நான் பார்த்துக்கொண்டிருக்கும்போதே ஒரு பெண் எழுந்தாள். திரையைப் பார்த்தாள். மறுபடியும் உட்கார்ந்துகொண்டாள்.