வலேரிக்கு வராத மொழி

திங்கள் காலை. சீசாப் பகுதியில் ஒரு பழைய கட்டடத்தின் உச்சியில், லிஃப்ட் மோட்டார் இருக்கும் அறையில் நின்றேன். கம்பனி மேற்பார்வையாளர் அழைத்தார். "வலேரி செத்துப்போனான். நேற்று, அறையில், இதயம். இன்றைக்கு நீ தனியாகச் சமாளி." இரண்டையும் ஒரே மூச்சில் சொன்னார். கீழே ஒரு சின்யோரா சாமான் பைகளோடு காத்திருந்தா. லிஃப்டை ஓடவிட்ட பிறகுதான் படியில் இருந்தேன்.

இங்கே இத்தாலியில் இதை வாசிக்கும் எங்கள் சனத்தில் பலருக்கு அவரைத் தெரியும். மாதா பெருநாளில் நண்டுக் குழம்பைத் தண்ணீர் குடிக்காமல் சாப்பிட்டுக் காட்டிய வெள்ளைக்காரர். ஆனால் உங்களுக்குத் தெரியாத ஒன்று இருக்கிறது. தனியே வைத்திருக்க என்னால் முடியவில்லை. அதனால் எழுதுகிறேன்.

அவரை முதலில் கண்டது குவெஸ்தூரா என்ற பொலிஸ் தலைமையகத்தில், பெர்மெஸ்ஸோ என்ற வதிவிட அனுமதியைப் புதுப்பிக்கும் வரிசையில். எங்கள் வரிசையில் வெள்ளைக்காரர் நின்றால் உத்தியோகத்தராகத்தான் இருப்பார் என்று நினைத்த ஒரு மன்னார் அக்கா, தன் படிவத்தை அவர் கையில் கொடுத்துவிட்டா. அவர் கண்ணாடியைப் போட்டு இரண்டு பிழையைத் திருத்தினார். உடனே பின்னால் நின்ற நாலு பேரும் படிவங்களை நீட்டினார்கள். அவர் தன் வரிசை எண்ணைக் காட்டினார். அக்கா திகைத்துப்போய், "ஐயோ அண்ணை, நீங்களுமோ? உங்களுக்கு என்ன குறை?" என்றா.

குறை இதுதான். வலேரி லாத்வியாவின் தலைநகரமான ரீகாவில் பிறந்தவர். தாய் தகப்பன் சோவியத் காலத்தில் ரஷ்யாவிலிருந்து அங்கே தொழிற்சாலை வேலைக்குப் போனவர்கள். சோவியத் யூனியன் உடைந்து லாத்வியா தனிநாடானபோது, அப்படி வந்தவர்களும் அவர்களின் பிள்ளைகளும் தாமாகக் குடிமக்கள் ஆகவில்லை. லாத்விய மொழியிலும் வரலாற்றிலும் பரீட்சை எழுதித் தேறவேண்டும். வலேரி எழுதவில்லை. அவருக்குக் கடவுச்சீட்டுக் கொடுத்தது லாத்வியாதான். அவர் அந்த நாட்டுக் குடிமகன் இல்லை என்பதும் அதிலேயே இருந்தது. குடிமகனாக இருந்திருந்தால் இத்தாலியில் பெர்மெஸ்ஸோவே தேவைப்பட்டிருக்காது. ரஷ்யக் கடவுச்சீட்டு எடுத்திருக்கலாம். "நான் ஒருநாளும் இருக்காத நாடு" என்று அதையும் விட்டுவிட்டார்.

பிறகு ஒரே கம்பனியில் சோடியாக வேலை செய்தோம். கதைத்தது இத்தாலியனில். என் நினைவில் எல்லாம் எங்கள் ஊர்த் தமிழாகவே கேட்கிறது, அப்படியே எழுதுகிறேன்.

எனக்குப் பொறுமை குறைவு. "ஒரு பரீட்சைதானே, எழுதித் துலையுங்கோவன். இந்த வரிசையிலை நிக்கத் தேவையில்லை" என்று வாரம் ஒருதரம் சொல்லியிருப்பேன்.

"மொழி தலைக்குள்ளை ஏறுதில்லை தம்பி" என்று சிரிப்பார். நம்பினேன்.

போன வருடம் வுச்சீரியாச் சந்தைக்குப் பக்கத்தில் ஒரு சிறிய விடுதியில் லிஃப்ட் இரண்டு மாடிக்கு நடுவில் நின்றுவிட்டது. உள்ளே ஒரு பெண் அழுதுகொண்டிருந்தாள். நான் வெளியே நின்று "இரண்டு நிமிஷம், சின்யோரா" என்று கத்திக்கொண்டிருந்தேன். அது பொய். கட்டுப்பாட்டுப் பலகை எரிந்திருந்தது. வலேரி கதவில் காதை வைத்துக் கேட்டார். பிறகு வேறொரு மொழியில் பேசத் தொடங்கினார். அது ரஷ்யன் இல்லை; அவர் தொலைபேசியில் தன் மகளோடு பேசும் ரஷ்ய மொழியின் சத்தம் எனக்குப் பழக்கம். நாற்பது நிமிடம் நான் மேலும் கீழும் ஓடினேன், அவர் ஒரு தடங்கலும் இல்லாமல் பேசிக்கொண்டேயிருந்தார். உள்ளே அழுகை நின்று சிரிப்புச் சத்தம் வந்தது. கதவு திறந்ததும் அவள் அவர் பெயரைக் கேட்டாள், முகத்தைப் பார்த்தாள், ஏதோ சொன்னாள். அவர் தலைகுனிந்து நன்றி சொன்னார்.

தெருவில் இறங்கியதும், "என்னவாம்?" என்றேன்.

"ரீகாக்காரி. ரஷ்யக்காரனா இருந்தும் நான் நல்லாக் கதைக்கிறனாம். பாஸ் போட்டிட்டா."

"அப்ப உங்களுக்கு லாத்வியன் தெரியும்! பிறகேன் எழுதேல்லை?"

"பக்கத்து வீட்டுப் பொடியங்களோடை பந்தடிச்சுப் படிச்சது. நான் பிறந்த தெருவிலை நான் ஆர் எண்டு அறிய எனக்குப் புள்ளி போடுவினமோ?"

எனக்கு உற்சாகம் பிறந்துவிட்டது. அரச வேலைக்குச் சிங்களம் கட்டாயம் என்று வந்தபோது என் அப்பப்பா சிங்களப் பரீட்சை எழுதமாட்டேன் என்று தபால் கந்தோர் வேலையை விட்டெறிந்தவர், வீட்டில் அவர் படத்துக்கு இன்றும் மாலை போடுகிறோம் என்றேன்.

"இவ்வளவு நாளும் அவர் வீரன், நான் விசரன். அப்பிடியோ?"

நீங்களும் வீரன்தான் என்று சொல்லப்போனேன். அவர் அதற்கும் விடவில்லை. "அவசரப்படாதை. அங்கை தமிழரை மாதிரிச் சின்னச் சனம் லாத்வியர்தான். என்ரை அப்பா முப்பது வருஷம் இருந்தும் பாண் வாங்கக்கூட அவையின்ரை பாஷையிலை ஒரு சொல்லுப் படிக்கேல்லை. கடைக்காரிதான் ரஷ்யனுக்கு மாறிக் கதைக்கவேணும். நான் அவையாயிருந்தால் பரீட்சை வைப்பன். நான் நானாயிருக்கிறபடியால் எழுதமாட்டன்."

கொஞ்சத் தூரம் நடந்த பிறகு, "மகளுக்குச் சொல்லிப்போடாதை" என்றார்.

மகள் ரீகாவில் தாயோடு வளர்ந்தவள். இவர் வேலை தேடி வெளிக்கிட்டபோது அவளுக்கு ஐந்து வயது. பதினெட்டு வயதில் அந்தப் பரீட்சையை எழுதிக் குடியுரிமை எடுத்தாள். "அவளுக்கு நான் மொழி ஏறாத மொக்கன். அப்பிடியே இருக்கட்டும். மானத்துக்காக எழுதேல்லை எண்டு சொன்னால், எழுதிப் பாஸானவளுக்கு என்ன பேர்?"

"இது விசர்க்கதை. சொல்லுங்கோ அவவுக்கு" என்றேன். பகேரியாவில் அடுத்த வேலைக்குப் போய்ச் சேரும்வரை சண்டை பிடித்தேன். அவர் ரயில் யன்னலைப் பார்த்துக்கொண்டு வந்தார்.

உக்ரைன் போர் தொடங்கிய பிறகு, பஸ்ஸில் அவர் ரஷ்யனில் பேசினால் உக்ரைன் பெண்கள் இடம் மாறி உட்காருவார்கள். அவர்களைக் குறை சொல்லமாட்டார். அதற்குப் பிறகு மோட்டார் அறைகளில் நின்றுதான் மகளை அழைப்பார். இரைச்சலில் ஒன்றும் கேட்கவில்லை என்று அவள் ஏசுவாளாம்.

வியாழன் அடக்கத்துக்கு வந்தவர்களுக்கு நன்றி. நீங்கள் போன பிறகு நானும் ரீகாவிலிருந்து வந்த மகளும் அவர் அறையை ஒதுக்கினோம். இரண்டு பெட்டிக்குள் எல்லாம் அடங்கிவிட்டது. திடீரென்று ஆங்கிலத்தில் கேட்டாள்:

"ஆறு மாசத்திலை நான் படிச்சன். ஒவ்வொரு வருஷமும் கெஞ்சினன். எனக்காகவாவது ஒருக்கா முயற்சி செய்தவரோ?"

உண்மை தொண்டைவரை வந்துவிட்டது. அவர் செய்தது பிழை என்றுதான் இன்றும் நினைக்கிறேன். என்னைத் தெரிந்தவர்களுக்குத் தெரியும், நினைத்ததை நான் விழுங்குகிறவன் இல்லை.

"செய்தவர். மத்தியானச் சாப்பாட்டு நேரத்திலை புத்தகத்தோடை இருப்பார். நான்தான் அதைப் பாத்துச் சொல்லுக் கேக்கிறது. ஏறவே இல்லை" என்றேன்.

கட்டிலில் இருந்துவிட்டாள். "எந்தச் சொல்லு அவருக்குக் கஷ்டம்?"

எனக்கு அந்த மொழியில் ஒரு சொல்லும் தெரியாது. "எல்லாமே" என்றேன்.

அழுதபடியே சிரித்தாள்.

அவள் தமிழ் வாசிக்கமாட்டாள் என்ற துணிவில் இதை எழுதுகிறேன். இருபது வருடமாக அவர் அவளுக்குச் சொல்லிவந்த பொய்யை இனி நான்தான் சொல்லவேண்டும். சோடி இல்லாமல் லிஃப்ட் லிஃப்டாக ஏறி இறங்குகிறேன். அவரிடமிருந்து என்னிடம் இருப்பது அந்தப் பொய் மட்டும்தான். அவள் அடுத்த வருடம் கல்லறைக்கு வருவாள். உங்களில் யாரிடமாவது கேட்டால், வலேரிக்கு அந்த மொழி வராது. பாவம், முயற்சி செய்தவர்.