நேரங்குடிச்சானுக்குத் தீனி

காலை ஏழே காலுக்குச் செய்தி வந்தது. மறுநாள் ஞாயிறு, ஐயாவு அண்ணனுக்குப் படித்துக்காட்டச் சப்பென்ற சுற்றறிக்கை ஏதாவது கிடைக்குமா என்று தோட்டத்துக் குமாஸ்தாவான நான் ஆபீஸ் அலமாரியைக் குடைந்துகொண்டிருந்தேன். கையிலிருந்ததில் போன வாரம் சுவை தட்டிவிட்டது. வாசலில் பால்வெட்டும் இருளாயி வந்து நின்றாள்.

"கிராணியாரே, ஐயாவு அண்ணன் பலகையிலயே ஒக்காந்திருக்கு. கூப்பிட்டா எந்திரிக்க மாட்டேங்குதுலா."

பலகை என்றால் இயந்திரத்தின் பலகை. மலாயாவில் சுங்காய்க்கு அருகிலுள்ள எங்கள் ரப்பர் தோட்டத்துக்கு அது இருபத்துநாலாம் வருஷம் ஈப்போவிலிருந்து லாரியில் வந்து இறங்கியது. விறகு வேண்டாம், நிலக்கரி வேண்டாம். பால் நிறுக்கும் கொட்டகையில் அதன் நீளமான இரும்புப் பலகைமீது ஆட்கள் சும்மா உட்கார்ந்திருந்தால் போதும். அவர்களுடைய நேரத்தை உறிஞ்சி ரப்பர் ஷீட் உருளைகளைச் சுற்றும். வெள்ளைக்காரத் தொரை அதற்குச் சொன்ன ஆங்கிலப் பெயர் ஒரு முழ நீளம். பெண்கள் வைத்த பெயர் நேரங்குடிச்சான்.

முதலில் எல்லாருக்கும் அதைப் பிடித்திருந்தது. பால் வாளியோடு ஒன்றரை மணி நேரம் காத்துக்கிடந்தவர்களுக்கு அந்தக் காத்திருப்பே தெரியவில்லை. "குந்துனேன், எந்திரிச்சேன், நிறுவை முடிஞ்சு போச்சு!" என்று இருளாயியே சொல்லியிருக்கிறாள். பிறகு ஒருநாள் அவள் பிள்ளை முதன்முதலாக 'அம்மா' என்றது. தராசடியில் நின்ற எல்லாருக்கும் கேட்டது. பலகையில் ஆழ்ந்திருந்த அவளுக்குக் கேட்கவில்லை. மாலைவரை அழுதாள்.

அன்று அதிகம் வருத்தப்பட்டவர் இயந்திரத்தைப் பார்த்துக்கொண்ட ஐயாவுதான். பித்தானில்லாத காக்கிக் கோட்டு, தோளில் எண்ணெய்த் துணி, கன்னத்தில் அடங்கிய வெற்றிலை. இயந்திரத்தை 'மாப்பிள்ளை' என்பார். "தின்னுறது மட்டுந்தான் வேல. அதான் மாப்பிள்ள."

மாப்பிள்ளையின் பலவீனத்தை அவர் சீக்கிரமே கண்டுபிடித்தார். "சலிச்சுப் போன நேரந்தான் இவனுக்கு எறங்கும், கிராணியாரே. சிரிச்சா தொண்டையில சிக்கிக்கும்." அதிலிருந்து நிறுவை நேரத்தில் வரிசைக்கு முன்னால் நடப்பார், தொரை நடப்பதுபோல் நாலடி, தொரையின் நாய் நடப்பதுபோல் நாலடி. எது எது என்று பெண்கள் பந்தயம் கட்டுவார்கள். சிரிப்பில் இயந்திரத்தின் அளவுமுள் சரியும்.

சிரிப்போடு அது முடியவில்லை. முள் பச்சைக் கோட்டுக்குக் கீழே இறங்கினால் பெண்களைக் கூடுதலாக இரண்டு மணி நேரம் உட்காரவைக்க வேண்டும் என்பது தொரையின் உத்தரவு. குறைந்ததை ஐயாவு தானே உட்கார்ந்து நிரப்பத் தொடங்கினார். மாலைதோறும் கொஞ்சம், ஞாயிறு முழுவதும்.

இதில் ஒரு சங்கடம். ஐயாவுக்குச் சலிக்கத் தெரியாது. எறும்பு ஒன்று சோற்றுப் பருக்கையை இழுத்துக்கொண்டு போனால், போய்ச் சேரும்வரை கூடவே போகிறவர் அவர். கடைசியில் என்னிடம் வந்தார்.

"நீங்க காலேஜ் படிச்சவரு. தூக்கம் வர்ற மாதிரி ஏதாச்சும் படிங்களேன்."

ஞாயிறு பிற்பகல்களில் தலைமை ஆபீஸ் அனுப்பும் சுற்றறிக்கைகளைப் படித்தேன். வாளி கழுவும் முறை, வாளியைக் கவிழ்க்கும் முறை, கவிழ்த்த வாளிகளைப் பதியும் முறை. இரண்டாம் பத்தியில் ஐயாவுவின் கண் சொருகும், முள் ஏறும். ஆறு மணிக்கு எழுந்து, "அதுக்குள்ள முடிச்சிட்டீங்களா? நல்லாருந்துச்சா?" என்று கேட்பார். நாலு மணி நேரச் சலிப்பையும் முழுசாக அனுபவித்தவன் நான்.

இரண்டு வருஷத்தில் அவர் தலை முழுக்க வெளுத்தது. முதுகு வளைந்தது.

"போதும் அண்ணே. கண்ணாடியில மொகத்தப் பாத்தீங்களா?"

"பாத்தேன். எங்கப்பன் மாதிரியே இருக்கேன்லா. அவரப் பாத்து நாளாச்சு."

நான் சிரித்தேன். சிரித்துவிட்டு அடுத்த பத்தியைப் படித்தேன்.

போன ஞாயிறு எடுத்துப்போனது தொழிலாளர் லயங்களில் ஆடு வளர்ப்பது பற்றிய சுற்றறிக்கை. முப்பத்தொரு விதிகள். என்ன காரணமோ, பத்து விதி தாண்டியும் அவருக்குக் கண் சொருகவில்லை. பதினோராவது விதி: கயிறு ஆறடிக்கு மிகக் கூடாது; மீறும் ஆட்டுக்கு முதல் முறை எழுத்து மூலம் எச்சரிக்கை.

"ஆட்டுக்கா?"

"ஆட்டுக்குத்தான் போட்டிருக்கு."

"வாங்கிக்கிட்டதுக்கு ஆடு கையெழுத்துப் போடுமா, மை தொட்டுக் கொளம்ப வைக்குமா?"

இருவரும் கண்ணில் நீர் வரச் சிரித்தோம். முள் அடிமட்டத்துக்கு விழுந்தது. ஐயாவு பலகையைவிட்டு இறங்கி வந்து, தாளை வாங்கி, பால் கறை படிந்த கட்டைவிரலால் அந்தப் பக்கத்தின் மூலையை மடித்தார்.

"இது மாப்பிள்ளைக்கு வேணாம். அவனுக்கு வேற கொண்டாங்க. இத அடுத்த ஞாயித்துக்கெழம கீழ பாய் போட்டு ஒக்காந்து நான் கேக்குறேன்."

விழுந்த முள்ளைத் தூக்க, வாரம் முழுவதும் இரவு பகலாகத் தனியே உட்கார்ந்து கூரைத் தகரத்தின் ஆணிகளை எண்ணியிருக்கிறார் என்பது இருளாயி சொல்லித்தான் தெரிந்தது. கொட்டகைக்குப் போனேன். முள் பச்சைக் கோட்டைத் தாண்டி, நான் ஒருநாளும் பார்த்திராத உயரத்தில் நின்றது. பெண்கள் யாரும் அன்று பலகையில் உட்கார வேண்டியிருக்கவில்லை.

தோட்டத்து ஆஸ்பத்திரி டிரசர் வந்து பார்த்து மரணச் சீட்டு எழுதிக் கொடுத்தார். வயது முப்பத்தெட்டு, காரணம் முதுமை. இரண்டையும் பதிவேட்டில் ஏற்றினேன்.

மடித்த மூலை அப்படியே இருக்கிறது. பன்னிரண்டு முதல் முப்பத்தொன்று வரையிலான விதிகள் இன்னும் படித்துக்காட்டப்படவில்லை.