குப்பம்மாள் என்றொரு பெயர்

போன வருஷம் ஆடி மாசம் நடந்தது இது. அடையாறில் ஒரு தனியார் மருத்துவமனையில், நோயாளிகளின் விவரங்களைப் பதிவு செய்யும் கவுன்ட்டரில் எனக்கு வேலை. வீடு பட்டினப்பாக்கம். அம்மா அங்கேயே ரோட்டோரம் மீன் கடை போட்டிருக்கிறாள்.

என் பெயரை முதலில் சொல்லிவிடுகிறேன். குப்பம்மாள். முப்பத்தொரு வயசுக்காரிக்கு எப்படி இந்தப் பெயர் வந்தது என்று யோசிப்பீர்கள். நானும் அதைத்தான் யோசித்துக்கொண்டிருந்தேன். பள்ளிக்கூடத்தில் நான் வகுப்புக்குள் நுழைந்தாலே பையன்கள் மூக்கைப் பொத்திக்கொள்வார்கள். எனக்கு அடுத்துப் பிறந்த தம்பிக்கோ சினிமா ஹீரோ மாதிரி பெயர். அம்மாவிடம் சண்டைக்குப் போனால், "உங்கப்பா வச்சாரு, அவரக் கேளு" என்பாள். அப்பா இறந்து பல வருஷம் ஆகிறது. யாரைக் கேட்பது?

ஆஸ்பத்திரியில் எல்லாருக்கும் நான் அம்மு. கழுத்தில் தொங்குகிற அடையாள அட்டையில் முழுப் பெயர் இருப்பதால், அதைத் திருப்பியே போட்டுக்கொள்வேன். கெஜட்டில் பெயரை மாற்ற விண்ணப்பமும் எழுதி வைத்துவிட்டேன். அதைச் சொன்ன அன்றைக்கு அம்மா ராத்திரி சாப்பிடவில்லை. ஏன் என்று நான் கேட்டுக்கொள்ளவில்லை.

அந்தச் சமயத்தில்தான் நைஜீரியாவிலிருந்து ஒருத்தர் தன் ஆறு வயசு மகளை இதய ஆபரேஷனுக்காகக் கூட்டிக்கொண்டு வந்தார். அங்கே பள்ளிக்கூட வாத்தியாராம். முதல் நாள் பாஸ்போர்ட்டைப் பார்த்துக் குழந்தையைப் பதிவு செய்தேன். அதில் சாதாரண ஆங்கிலப் பெயர். மறுநாள் அவர்கள் ஊர் ஆஸ்பத்திரி காகிதங்கள் ஒரு கட்டாக வந்தன. அவற்றில் மாலோமோ என்று இருந்தது. கம்ப்யூட்டரில் அந்தப் பெயரைத் தேடினேன், கிடைக்கவில்லை. புதிதாக ஒரு ஃபைல் திறந்து எல்லாவற்றையும் அதில் ஏற்றிவிட்டேன். ஒரே குழந்தைக்கு இரண்டு ஃபைல். அவரை ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். கவுன்ட்டரில் அன்றைக்குக் கூட்டம். ஆனால் கூட்டம்தான் காரணமா, வாயில் நுழையாத பெயர் எதுவாக இருந்தால் என்ன என்கிற அலட்சியமா, எனக்கே தெரியவில்லை.

ஆபரேஷனுக்கு முந்தின நாள் வார்டிலிருந்து நர்ஸ் அக்கா போன் செய்தார். குழந்தைக்கு ஊசி போடப் போனபோது, ஏதாவது மருந்து ஒத்துக்கொள்ளாதா என்று பழக்கத்தில் அப்பாவிடம் கேட்டிருக்கிறார். அதுதான் காகிதத்தில் எழுதியிருக்கிறதே என்று அவர் சொல்ல, ஃபைலைப் பார்த்தால் ஒன்றுமே இல்லை. தேடிப் பார்த்ததில் இன்னொரு ஃபைலில் இருந்தது. எந்த மருந்து ஆகாதோ அதே மருந்துதான் சிரிஞ்சில் இருந்ததாம். "இன்னாடி இப்டி பண்ணி வச்சிகீற?" என்றார்.

நான் மாடிக்கு ஓடியபோது மேலதிகாரி ஏற்கெனவே அங்கே நின்றுகொண்டிருந்தார். எப்படி இரண்டு ஃபைல் வந்தது என்று கேட்டார். நான் வாய் திறப்பதற்குள் அந்த வாத்தியார் முந்திக்கொண்டு, இரண்டு பெயரில் காகிதம் கொடுத்துவிட்டு அதைச் சொல்லாமல் விட்டது தன் தப்புதான் என்றார். அவர் தப்பே இல்லை. அது அவருக்கும் தெரியும். மேலதிகாரி என்னை எச்சரித்துவிட்டுப் போய்விட்டார்.

மன்னிப்பும் நன்றியும் சொல்லத்தான் நின்றேன். ஆனால் ஒரு குழந்தைக்கு எதற்கு இரண்டு பெயர் என்ற கேள்விதான் வாயில் வந்தது. அவர் கோபப்படவில்லை. குழந்தை கட்டிலில் உட்கார்ந்து பிஸ்கட்டின் நடுவிலிருக்கும் க்ரீமை மட்டும் சுரண்டித் தின்றுகொண்டிருந்தது. மாலோமோ வீட்டில் கூப்பிடும் பெயராம்; அவர்கள் மொழியில் "திரும்பவும் போய்விடாதே" என்று அர்த்தமாம். இறந்த குழந்தையே மறுபடி வந்து பிறக்கும் என்பது அவர்கள் நம்பிக்கை. இவளுக்கு முன்னால் இரண்டு குழந்தைகள் பிறந்து ஒரு வயசுகூட ஆகாமல் போய்விட்டார்களாம்.

ஓடி வந்ததில் என் அட்டை நேராகத் திரும்பியிருந்தது. அவர் எழுத்துக்கூட்டிப் படித்துவிட்டு, இதற்கு என்ன அர்த்தம் என்று கேட்டார். மற்றவர்கள் சிரிப்பதற்கு முன்னால் நானே சிரித்துக்கொண்டு சொல்வது என் வழக்கம். குப்பை என்று சொன்னேன்.

அவர் சிரிக்கவில்லை. மெதுவாகக் கேட்டார்:

"உங்களுக்கு முன்னால் எத்தனை பேர்?"

எனக்குப் புரியவில்லை. யாருமில்லை, நான்தான் மூத்தவள் என்றேன். அவர் குழம்பிப்போய், தப்பாக நினைத்துவிட்டதாகச் சொல்லி இரண்டு தடவை மன்னிப்புக் கேட்டார். பிறகு தயங்கித் தயங்கி விளக்கினார். அவர்கள் பக்கத்திலும் அப்படிக் குழந்தைகளைப் பறிகொடுத்தவர்கள், அடுத்த குழந்தைக்கு நாய் என்றும் குப்பைமேடு என்றும் பெயர் வைப்பார்களாம். இது எதற்கு நமக்கு என்று சாவு விட்டுவிட்டுப் போகட்டும் என்றுதானாம்.

பஸ்ஸில் வீடு திரும்பும்போது எனக்கு ஒன்றும் ஓடவில்லை. எங்கேயோ ஆப்பிரிக்காவில் இருப்பவருக்கு என் பெயரைப் பற்றி என்ன தெரியும் என்று நினைத்தேன். ஆனாலும் இறங்கியதும் நேரே கடைக்குத்தான் போனேன். அம்மா யாருக்கோ சங்கரா மீன் வெட்டிக்கொண்டிருந்தாள். மீன் வாங்க வந்தவர் பையை வாங்கிக்கொண்டு போகும்வரை நின்றேன். பிறகு, எனக்கு முன்னால் எத்தனை பேர் என்று அதே கேள்வியைக் கேட்டேன்.

அம்மா கத்தியைக் கீழே வைத்தாள்.

"யாரு சொன்னா?"

"ஆஸ்பத்திரிக்கு வந்த ஒரு நைஜீரியாக்காரர்."

"அவருக்கு எப்பிடித் தெரியும்?" என்றாள். நிஜமாகவே குழம்பிப்போய்க் கேட்டாள். கையைக் கழுவினாள். வெகுநேரம் கழுவினாள்.

"ரெண்டு பேரு. ரெண்டும் பொண்ணு. ஒண்ணு பதினோரு நாளு, ஒண்ணு நாலு மாசம். நீ பொறந்ததும் மொறத்துல போட்டு குப்பமேட்டுல வச்சிட்டு வந்தோம். உங்கத்தை போயி எடுத்தாந்தா. குப்பதானன்னு வுட்டுட்டுப் போவட்டும்னு."

ஏன் இத்தனை வருஷம் சொல்லவில்லை என்று கேட்டேன். மீன் மேல் தண்ணீர் தெளித்தபடி, என் முகத்தைப் பார்க்காமல், "மாத்தணும்னா மாத்திக்கோ. முப்பது தாண்டிடுச்சில்ல, இனிமே ஒண்ணும் ஆவாது" என்றாள். பேச்சு அதோடு முடிந்தது. அடுத்த ஆள் வந்து வஞ்சிரம் என்ன விலை என்று கேட்டார்.

மாலோமோவுக்கு ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது; மூன்று வாரத்தில் அவள் ஊருக்குப் போய்விட்டாள். என் விண்ணப்பத்தை நான் இன்னும் கொடுக்கவில்லை, கிழிக்கவும் இல்லை. பெயர் பிடித்துவிட்டது என்று சொன்னால் அது பொய். இன்றைக்கும் வராந்தாவில் யாராவது முழுப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால் உடம்பு கூசத்தான் செய்கிறது. அம்மா மேல் அத்தனை வருஷம் கோபப்பட்டதை எங்கே கொண்டுபோய் வைப்பது என்றும் தெரியவில்லை. முப்பத்தொரு வருஷம் மூத்தவள் என்று நினைத்துக்கொண்டிருந்தவள், திடீரென்று மூன்றாவது ஆகிவிட்டேன்.

எனக்கு முன்னால் பிறந்த அந்த இரண்டு அக்காக்களுக்கும் பெயர் வைத்திருந்தார்களா என்று அம்மாவிடம் கேட்க இன்னும் தைரியம் வரவில்லை. வைத்திருந்தால் அவை அழகான பெயர்களாகத்தான் இருந்திருக்கும் என்று தோன்றும்போதெல்லாம், என் பெயரை நினைத்து வெட்கப்படுவதா, அழுவதா என்று தெரியாமல் அப்படியே உட்கார்ந்துவிடுகிறேன்.