மூச்சை வெட்டியவர்

என் அத்தானுக்கு ஸ்டூடியோக்களுக்கு ஒலி எடிட்டிங் செய்து தருகிற வேலை. பேசியவர்களின் இருமல், எச்சில் சத்தம், மூச்சு எல்லாவற்றையும் வெட்டி எறிவார். இருபத்தாறு வருஷம் அதையே செய்து வீட்டிலும் ஊமைக்கோட்டான் ஆகிவிட்டார். காதில் ஹெட்போன் இருந்தால் இடி விழுந்தாலும் கேட்காது. அதனால் அடுத்த அறையிலிருந்து அக்கா போனில் மெசேஜ் அனுப்பித்தான் அவரைச் சாப்பிடக் கூப்பிடுவாள்.

ஒருமுறை சின்னப் பெண் ஒருத்தி, தான் எடுத்த சோதனைக் குறும்படத்தோடு வந்தாள். தனியாக வாழும் ஒருவன் தினமும் வாடிக்கையாளர் சேவை எண்ணுக்குப் போன் போட்டு, அந்த இயந்திரக் குரலோடு மனசுவிட்டுப் பேசுகிறான். பதினோரு நிமிஷமும் அவ்வளவுதான். குரல் கொடுக்க வேண்டியவள் கடைசி நேரத்தில் கைவிரிக்க, அத்தான் அக்காவை உட்கார வைத்தார். அவள் வரிக்கு வரி சிரித்தாள். "என்னங்க, என்னைப் பாத்தா மெஷின் மாதிரியா இருக்கு?" என்றாள்.

மனுஷ வாடையே இருக்கக்கூடாது என்று அந்தப் பெண் சொல்லியிருந்தாள். அத்தான் மூன்று நாள் உட்கார்ந்து சிரிப்பையும் மூச்சையும் ஒன்றுவிடாமல் எடுத்தார். வேலை முடிந்ததும் முதல் பதிவை அழித்துவிட்டார். இடத்தை அடைக்கும் என்று எப்போதும் அப்படித்தான் செய்வார். படம் பார்த்தவர்கள் அந்தக் குரலைத்தான் மெச்சினார்கள். அக்காவுக்குத் தலைகால் புரியவில்லை.

நாலாவது மாதம் மாரடைப்பில் போய்விட்டாள். இன்றும் என்னால் அதை நிதானமாகச் சொல்ல முடியவில்லை.

எல்லோரும் கலைந்த பிறகு அத்தான் அவள் குரலைத் தேடினார். போன் முழுக்க 'சாப்பிட வாங்க' என்கிற எழுத்துதான் இருந்தது. அழித்த பதிவை மீட்கக் கடை கடையாக ஏறி இறங்கினார். அதன்மேல் வேறு வேலைகள் பதிவாகிவிட்டன, இனி வராது என்றார்கள். படமெடுத்த பெண்ணிடமும் முடிந்த படம் மட்டுமே இருந்தது.

கூட வாழ்ந்தவளின் குரலைக்கூட வைத்துக்கொள்ளத் தெரியாத மனுஷனா என்று நாக்கைப் பிடுங்குகிற மாதிரி நாலு வார்த்தை கேட்கத்தான் போனேன். அவர் ஹெட்போனைக் கழற்றி என் தலையில் மாட்டினார்.

"இதுல உங்கக்கா எங்கயாவது இருக்காளான்னு கேட்டுச் சொல்லு."

பதினோரு நிமிஷமும் கேட்டேன். அவள் எங்குமே இல்லை. திட்ட வந்த வாயால், "இருக்கா அத்தான்" என்று பொய் சொன்னேன்.

அவர் அவசரமாக நாற்காலியை இழுத்துப்போட்டுக்கொண்டு பேனாவை எடுத்தார். "எத்தனாவது செகண்டுல?" என்று கேட்டார்.