வெயிலில் ஆடிய வைப்பர்

கண்ணுகளா, பெரக்கரை ஊர்க்காரரின் காலை உடைத்தது நான் இல்லை. உங்கள் மாமன். இதை முதலிலேயே எழுதிவிடுகிறேன். மேற்கொண்டு படிக்கப் பொறுமை இல்லாவிட்டால் இத்தோடு மூடி வைத்துவிடுங்கள், அது போதும்.

நான் பத்தாவது வரை படித்தவன். எழுத்தில் பிழை இருந்தால் பெரியவள் திருத்திக்கொள்ளட்டும். நடந்ததில் பிழை கிடையாது.

உங்களுக்கு ஞாபகம் இருக்கும், என் ஜீப்பில்தான் நம் பக்கத்துப் பிள்ளைகள் எல்லாம் பள்ளிக்கூடம் போவார்கள். மழையோ பனியோ, ஒரு பிள்ளைக்கு ஒரு கீறல் விழுந்தது இல்லை. அந்த ஒரு பேரைத்தான் நான் சம்பாதித்து வைத்திருந்தேன். அது போன விதம்தான் இது. திரும்ப வந்த விதமும்தான்.

உங்கள் மாமன் உங்கள் அம்மாவுக்கு ஒரே தம்பி. இந்த மலையில் பிறந்து, சேந்தமங்கலத்தில் விடுதியில் தங்கிப் படித்து, கடல் தாண்டிப் போய், அந்த நாட்டுக் குடிமகனாகவே ஆகிவிட்டவன். சொந்த மலைக்கு விசா வாங்கிக்கொண்டு வருகிற ஆள். முதல் தடவை லீவில் வந்தபோது நாமக்கல் சிநேகிதன் ஒருவன் பேரில் வாடகைக் கார் எடுத்து, தானே ஓட்டிக்கொண்டு வந்துவிட்டான். மறுநாள் கீழே போகவேண்டும், வழிக்குத் துணையாக வா என்று என்னைக் கூப்பிட்டார்கள். நான் முன்னால் அவன் பக்கத்தில் உட்கார்ந்தேன். என் மாமனார், உங்கள் அப்புச்சி, பின்னால்.

"மச்சான், இங்க ஓட்டறதுக்குப் பேப்பர் வேணுமே, இருக்குதா?" என்று கேட்டேன்.

"எங்க நாட்டு லைசன்ஸ் மாமா. உலகத்துல எங்க வேணும்னாலும் செல்லும்" என்றான்.

செல்லாது. வேறு நாட்டு ஆள் இங்கே சுற்றிப் பார்க்க வந்து வண்டி ஓட்டவேண்டும் என்றால், புறப்படும் முன்பே அவன் நாட்டில் சர்வதேச ஓட்டுநர் அனுமதி என்று ஒன்று வாங்கவேண்டும். சின்னப் புத்தகம் போல இருக்கும். லைசன்சோடு அதையும் கையில் வைத்திருக்கவேண்டும். இல்லாவிட்டால் இன்சூரன்ஸ்காரனும் கையை விரித்துவிடுவான். இதெல்லாம் எனக்குப் பிறகு தெரிந்தது. வக்கீல் சொல்லித் தெரிந்தது.

வளைவுகளில் "ஹாரன் அடிங்க மச்சான், ஹாரன்" என்று சொல்லிக்கொண்டே வந்தேன்.

"எங்க ஊர்ல ஹாரன் அடிச்சா ஆளைத் திட்டற மாதிரி மாமா."

"இங்க அடிக்கலீன்னாத்தான் திட்டுவாங்க."

அப்புச்சி பின்னால் சிரித்தார். அதுவரைக்கும் எல்லாரும் நல்லாத்தான் இருந்தோம்.

பாதி மலை இறங்கியதும், பள்ளத்தாக்கைப் படம் எடுக்கவேண்டும் என்று காரை வலது ஓரம் கட்டைச் சுவரை ஒட்டி நிறுத்தினான். படம் எடுத்தான். ஏறினான். கிளப்பினான். கார் அந்த வலது ஓரத்திலேயே கீழே இறங்கியது. அவன் இருக்கிற நாட்டில் வலப்பக்கம்தான் போகவேண்டும். ரோடு காலியாக இருந்ததால் கை பழைய பழக்கத்துக்குப் போய்விட்டது. "மச்சான், லெப்ட், லெப்ட்" என்று நான் கத்தினேன். அதற்குள் வளைவு வந்துவிட்டது. கீழிருந்து தன் பக்கத்தில் ஒழுங்காக ஏறி வந்தவர் பெரக்கரைக்காரர். மொபெட்டில் மரவள்ளிக் குச்சிக் கட்டு வைத்திருந்தார். அவர் விழுந்தது தெரியும். பிறகு என் தலை பக்கக் கண்ணாடியில் மோதியது.

கண்ணுகளா, நாளைக்கு நீங்களும் வெளிநாடு போவீர்கள். போங்கள். அனுமதி வாங்கிக்கொண்டு போங்கள். ஆனால் புத்தகம் பையில் இருந்தால் மட்டும் போதாது. முன்னால் ஒரு வண்டி போனால் அதைப் பார்த்து யாரும் சரியாகப் போய்விடலாம். நிறுத்திவிட்டுக் காலி ரோட்டில் கிளப்பும்போதுதான் எமன் உட்கார்ந்திருக்கிறான். அப்போது வாய்விட்டுச் சொல்லுங்கள், நான் எந்தப் பக்கம் போகவேண்டும் என்று. பக்கத்தில் இருப்பவர் சிரித்தாலும் சொல்லுங்கள்.

எனக்கு நெற்றியில் தையல் போட்டுக்கொண்டிருந்த நேரத்தில் போலீஸ் ஸ்டேஷனில் எல்லாம் முடிந்துவிட்டது. தன் அக்கா புருஷன்தான் ஓட்டினது என்று உங்கள் மாமன் சொன்னான். ஆமாம், மாப்பிள்ளைதான் ஓட்டினார் என்று அப்புச்சியும் சொன்னார். நான் கட்டோடு ஸ்டேஷனுக்குப் போய், இல்லை ஐயா, இப்படி இப்படி என்று விவரமாகச் சொன்னேன். எழுதிக்கொண்டிருந்த ஏட்டு நிமிர்ந்தே பார்க்கவில்லை.

"அந்த கார்ல வந்தவங்கள்ல யாருகிட்ட லைசன்ஸ் இருக்குது?"

"என்கிட்டதாங்க இருக்குது."

"அப்பறம் என்ன? நீதான் ஓட்டுன."

சட்டப்படி எல்லாம் சரியாக வைத்திருந்தவன் நான் ஒருத்தன்தான். அதனாலேயே குற்றவாளியும் நான்தான் ஆனேன். இதை நினைத்தால் இப்போதும் என் பல் கடிபடுகிறது.

உங்கள் மாமன் விமானம் ஏறிப் போய்விட்டான். ஏறும் முன் என் கையைப் பிடித்து, "மாமா, மாட்டினா நான் திரும்பியே போக முடியாது. நீங்க இங்கயே இருக்கறவருதானே" என்றான். இங்கேயே இருக்கிறவனுக்குப் பேர் எதற்கு என்று அர்த்தம். உங்கள் அம்மா அழுதாள். அப்புச்சி என் முகத்தைப் பார்க்காமல், "பொறுத்துக்குங்க மாப்ளே" என்றார்.

என் லைசன்சைச் சில மாதம் நிறுத்தி வைத்தார்கள். அது திரும்பி வந்துவிட்டது. பிள்ளைகள் திரும்பி வரவில்லை. ஒரு ஊட்டில் "பஸ்ஸுக்கே பழகட்டுங்க" என்றார்கள். இன்னொரு ஊட்டில் வாசலுக்கே வரவில்லை. வெறும் ஜீப்பில் உங்கள் இரண்டு பேரை மட்டும் கூட்டிக்கொண்டு போனேனே, அதில் ஒருநாள் சின்னவன் கேட்டான். "அப்பா, நீங்க ஆளை இடிச்சுப்போட்டீங்களாமா? அதானா யாரும் வரமாட்டீங்கறாங்க?" நான் இல்லை என்றேன். அவன் சரி என்று தலையாட்டிவிட்டு வெளியே பார்த்தான். நம்பவில்லை. சந்தையில் பெரக்கரைக்காரர் என்னைக் கண்டால் காலை இழுத்துக்கொண்டே திரும்பி அந்தப் பக்கம் போவார். மோதியபோது அவர் யாரையும் சரியாகப் பார்க்கவில்லை. மற்றவர்கள் சொன்னதைத்தான் நம்பினார்.

மன்னித்துவிடுங்கள் என்று உங்கள் அம்மா பலமுறை சொன்னாள். நான் மன்னிக்கவில்லை. அவன் திரும்ப வருவான் என்று காத்திருந்தேன். அவனுக்கு என்ன செய்யவேண்டும் என்று ஜீப்பைத் துடைக்கும்போதும் மிளகுக் கொடிக்கு மண் அணைக்கும்போதும் யோசித்துக்கொண்டே இருந்தேன்.

வந்தான். இந்தத் தடவை முழு ஒழுங்கு. வழித்துணைக்கு என்னையும் வரச் சொல்லியிருந்தான். அழைத்துவரப் போன அப்புச்சியோடு சேந்தமங்கலத்தில் காரை நிறுத்திவிட்டு எனக்காகக் காத்திருந்தவன், என்னைக் கண்டதும் அந்தச் சின்னப் புத்தகத்தை எடுத்துக் காட்டினான்.

"பாருங்க மாமா, பர்மிட். கார் எடுத்ததும் என் பேர்லதான். இன்சூரன்ஸ் எல்லாம் பக்கா."

"நல்லது மச்சான்" என்றேன். பேப்பர் இல்லாமல் வருவான், சோதனைச்சாவடியில் மாட்டிவிடலாம் என்றுதான் நினைத்து வைத்திருந்தேன். அது போயிற்று. எனக்கு வாய் கசந்தது. ஆனால் காரை அவன் தெருவின் எந்தப் பக்கம் நிறுத்தியிருந்தான் என்று பார்த்தேன். வலது பக்கம். அங்கேயே அடுத்த யோசனை வந்துவிட்டது.

பஸ் ஸ்டாண்டுக்குப் போனேன். காலுக்கு வைத்தியம் பார்த்துவிட்டுப் பெரக்கரைக்காரர் அந்த நேரத்துக்கு அங்கேதான் பஸ்ஸுக்கு நிற்பார்.

"மேல போற கார் ஒண்ணு இருக்குதுங்க. வாங்க" என்றேன்.

"உன்ற வண்டியே வேண்டாம் சாமி. ஏறாமயே ஒரு கால் போச்சு."

"வண்டி என்னுது இல்லீங்க. நான் ஓட்டவும் போறதில்லை. என் மச்சினன் ஓட்டறான்."

"அந்த வெளிநாட்டுக்காரனா?" சற்று நேரம் பஸ் வரும் பக்கம் பார்த்தார். பஸ் இல்லை. கால் வலி ஜெயித்தது. வந்தார்.

காரில் அவரைப் பார்த்ததும் அப்புச்சியின் முகம் சாம்பல் பூத்துவிட்டது. வேண்டாம் என்று எப்படிச் சொல்வார்? நகர்ந்து இடம் விட்டார். உங்கள் மாமன் எதற்கோ கண்ணாடியைத் துடைத்தான்.

எழுபது வளைவும் நன்றாகத்தான் ஓட்டினான், பொய் சொல்லக்கூடாது. முன்னால் ஒரு லாரி போய்க்கொண்டிருந்தது, அதன் பின்னாலேயே ஏறினான். ஹாரன்கூட அடித்தான். ஒன்றே ஒன்று, இண்டிகேட்டர் போட நினைத்தபோதெல்லாம் வைப்பர் ஆடியது. அவன் ஊர்க் காரில் இண்டிகேட்டர் இடது கைப் பக்கம், இந்தக் காரில் வலது; இங்கே இடது கைப் பக்கம் இருப்பது வைப்பர். அடித்த வெயிலில் வைப்பர் கிறீச் கிறீச்சென்று ஆடும். "ஏனுங்க, மழை வருதுங்களா?" என்று நான் கேலி செய்தேன். பின்னால் பெரக்கரைக்காரர் சிரிப்பார் என்று பார்த்தேன். அவர் சிரிக்கவில்லை. இரண்டு சீட்டுக்கும் நடுவில் தலையை நீட்டி அந்த வைப்பரையே பார்த்துக்கொண்டிருந்தார்.

மேலே ஏறி முடிந்ததும் ரோடு நேராகப் போகும். அங்கே வலப்பக்கம் ஒரு டீக்கடை உண்டு. எதிரில் எது வந்தாலும் தூரத்திலேயே தெரியும். "நிறுத்துங்க மச்சான், டீ குடிக்கலாம்" என்றேன். கடையை ஒட்டி வலது ஓரத்தில் நிறுத்தினான். குடித்தோம். லாரி எங்கோ போய்விட்டது. நான் ரோட்டின் இரண்டு பக்கமும் பார்த்துக்கொண்டேன். எதுவும் வரவில்லை. ஏறி உட்கார்ந்து, என் கையை ஹேண்ட் பிரேக்கின் மேல் வைத்துக்கொண்டேன்.

அவன் கிளப்பினான். வைப்பர் ஆடியது. கார் வலது ஓரத்திலேயே போனது.

நான் வாயைத் திறக்கவில்லை. அப்புச்சிதான் ஏதோ சொல்ல வந்தார். அதற்குள் ஒரு கை என் தோளுக்கு மேலாக வந்து முன் சீட்டைப் பிடித்தது.

"நிறுத்து."

உங்கள் மாமன் பிரேக்கை மிதித்தான்.

"இதேதான்" என்றார் பெரக்கரைக்காரர். "கண்ணாடியில வெயில் அடிச்சு அன்னைக்கு ஆளு தெரியல. வைப்பர் ஆடுனது தெரிஞ்சுது. மழை இல்லாம எதுக்குடா ஆடுதுன்னு நெனச்சேன், அதுக்குள்ள என் மேல வந்துட்டுது. ஸ்டேஷன்ல சொன்னேன், கிறுக்கன் மாதிரிப் பார்த்தாங்க." என் பக்கம் திரும்பினார். "இத்தனை வருசமா இந்த மலையில ஓட்டறவன் நீ. வெயில்ல நீ வைப்பர் போடுவியா?"

"மாட்டேனுங்க."

அந்த வைப்பரை நானே மறந்திருந்தேன். நான் நினைத்து வைத்தது வலது ஓரத்தை மட்டும்தான். தானாக வந்து விழுந்தது இது.

அப்புச்சிதான் உடைந்தார். "பையன் திரும்பிப் போவோணும்னுதானுங்க..." என்று ஆரம்பித்தார்.

"உன்ற பையன் போவோணும். சரி. நான் எங்கயும் போவ வேண்டாமா? எனக்குக் கால் வேண்டாமா?" என்றார் பெரக்கரைக்காரர். கதவைத் திறந்து இறங்கி, கடை வாசலில் நின்று, டீ குடித்துக்கொண்டிருந்த எல்லாருக்கும் கேட்கும்படி சொன்னார். யார் ஓட்டினது, யார் பொய் சொன்னது, யார் மேல் பழி போட்டது. எனக்குச் சொல்ல ஒன்றும் மிச்சம் இல்லை.

உங்கள் மாமன் ஸ்டீரிங்கைப் பிடித்தபடியே கேட்டான். "மாமா, வேணும்னேதான் இங்க நிறுத்தச் சொன்னீங்களா?"

"ஆமா மச்சான். வேணும்னுதான்."

"என்கிட்டத் தனியாக் கேட்டிருக்கலாமே."

"நீங்க என் பேரை ஊர் முன்னாடி கெடுத்தீங்க. தனியா வாங்கிக்கறதுக்கு அது என்ன பீடியா?"

அவன் அழுதான். எனக்கு இரக்கம் வரவில்லை. வெல்லத்தைக் கடித்தது போல இருந்தது. இதை மறைத்து எழுதினால் உங்களுக்கு நான் பொய் சொன்னவன் ஆவேன்.

அடுத்த வாரமே அந்த வாசலுக்கு வராத ஊட்டில் இருந்து தங்கள் பிள்ளையைக் கையில் பிடித்துக்கொண்டு வந்து ஜீப்பில் ஏற்றினார்கள். ஒவ்வொருவராக வந்தார்கள். சந்தையில் பெரக்கரைக்காரர் இப்போது நின்று பேசுகிறார். வக்கீலிடம் அவரே வந்து சொல்வதாகவும் சொல்லியிருக்கிறார். உங்கள் அம்மா மட்டும் என்னோடு சரியாகப் பேசுவதில்லை. தன் அப்பாவையும் தம்பியையும் டீக்கடையில் வைத்து அவமானப்படுத்திவிட்டேன் என்கிறாள். அவள் சொல்வது உண்மை. அதற்காகத்தான் செய்தேன். அவள் கோபப்படட்டும், அவளுக்கு அந்த உரிமை இருக்கிறது. நீங்கள் அவள் பக்கம் நின்றாலும் நான் ஒன்றும் சொல்லமாட்டேன். ஆனால் நடந்ததைத் தெரிந்துகொண்டு நில்லுங்கள்.

அன்றைக்கு உங்கள் மாமனும் அப்புச்சியும் காரைத் தொடாமல் இறங்கி நடந்தே ஊட்டுக்குப் போனார்கள். அடுத்த பஸ் வந்தது, பெரக்கரைக்காரர் ஏறினார். டீக்கடைக்காரரும் தண்ணீர் எடுக்கக் குடத்தோடு பின்னால் போய்விட்டார். கார் மட்டும் ரோட்டின் தப்புப் பக்கத்தில், சாவியோடு, மூக்கை நீட்டிக்கொண்டு நின்றது. நான் ஏறி, இரண்டு பக்கமும் பார்த்து, அதை இடது ஓரத்துக்குக் கொண்டுபோய் நிறுத்தினேன். அங்கே லேசான சரிவு. ஹேண்ட் பிரேக்கை இழுத்துவிட்டு இறங்கி, புல்லில் கிடந்த ஒரு கல்லை எடுத்துப் பின் சக்கரத்துக்கு முட்டுக் கொடுத்தேன்.