கனவில் ஒரு தாழ்ப்பாள்

டேப்பக்கா என்பது அலுவலகத்தில் வைத்த பெயர். கைப்பைக்குள் சீப்பு இருக்கிறதோ இல்லையோ, அளவு டேப் இருக்கும். வீடு கட்டும் கம்பெனியில் வரைபடம் போடுகிற வேலை அவளுக்கு. முகப்பு, பால்கனி என்று பேர் கிடைக்கிற இடங்களுக்கு ஆளாளுக்குப் போட்டி போடுவார்கள். கழிவறை மட்டும் பொத்தென்று அவள் மேஜையில் வந்து விழும். அவளுக்கு அதில் வருத்தமே கிடையாது. மனுஷன் யாருக்கும் பதில் சொல்லாமல் உட்காரக் கிடைக்கிற ஒரே இடம் அதுதான் என்பது அவள் கட்சி.

அந்தக் கட்சியில் அவளைச் சேர்த்துவிட்டவர் மாமனார். கல்யாணமாகி அந்த வீட்டுக்குள் காலெடுத்து வைத்தபோது கழிவறைக் கதவுக்குத் தாழ்ப்பாள் கிடையாது, ஒரு கயிறுதான். உள்ளே போகிறவர் அதை இழுத்துப் பிடித்துக்கொண்டே இருக்க வேண்டும். புதுப்பெண் யாரிடம் போய்ச் சொல்வாள்? மறுநாள் மாலை பார்த்தால் கதவில் பளபளவென்று ஒரு பித்தளைத் தாழ்ப்பாள். மாமனார் காதும் காதும் வைத்தாற்போல் வாங்கி வந்து தானே திருகி முடித்திருந்தார். கொஞ்சம் கோணல்தான். அதைப் பற்றி அவரும் பேசியதில்லை, அவளும் பேசியதில்லை.

இனி அவளுடைய இன்னொரு வேலை. மதியம் சாப்பிட்டுவிட்டுக் கண் அயர்ந்தால் அவள் போய்ச் சேருவது கனவுக் கட்டடக் கலைஞர் சங்கத்துக்கு. நம்புகிறவர் நம்பலாம். தூங்குகிறவர்கள் கனவில் நடமாட வீடு, தெரு, மாடி எல்லாம் யாராவது கட்டித்தானே ஆக வேண்டும்? எவ்வளவு ஏறினாலும் மாடி வராத படிக்கட்டு இருக்கிறதே, அது அங்கே படிக்கட்டுக்காரரின் கைவரிசை. ஜன்னலுக்கென்று ஓர் அம்மாள். எல்லோருக்கும் மேலே தலைவர், சிரிப்பு கிலோ என்ன விலை என்று கேட்கிற ரகம்.

சங்கத்தில் ஒரு கட்டுப்பாடு உண்டு. கனவில் கட்டுகிற கழிவறை உருப்படியாக இருக்கக் கூடாது. கதவு மூடக் கூடாது, இல்லையென்றால் கூரை இருக்கக் கூடாது, அதுவும் இல்லையென்றால் உள்ளே நாலு பேர் உட்கார்ந்து அரட்டை அடிக்க வேண்டும். சேர்ந்த புதிதில் டேப்பக்காவுக்கு இது தெரியாது. ஒரு பேங்க் மேனேஜரின் மதியத் தூக்கத்துக்கு அளவெடுத்து, கதவு, தாழ்ப்பாள், தண்ணீர் என்று ஒரு குறையுமில்லாமல் கட்டிக் கொடுத்தாள். சோபா நனைந்தது. விருந்தாளிகள் முன்னால் அந்த மனுஷனின் மானம் கப்பலேறியது.

"ஏம்மா, நல்லா கட்டினா என்ன ஆகும்னு கொஞ்சம் யோசிக்க வேண்டாமா?" என்று தலைவர் கத்தினார். அன்றிலிருந்து அவளுக்குத் தாழ்வாரம் கட்டுகிற வேலை மட்டும்தான்.

போன மாதம் மாமனாருக்குக் குடலிறக்க ஆபரேஷன். அது நல்லபடியாகத்தான் முடிந்தது. வம்பு பிறகு வந்தது. சிறுநீர் போகப் போட்டிருந்த டியூபை எடுத்தபின் அவருக்குத் தானாக இறங்கவில்லை. எழுந்து நடக்க அனுமதியில்லை. பக்கத்தில் ஓர் ஆள், எதிரில் ஓர் ஆள், நடுவில் ஒரு துணித்திரை, கையில் ஒரு பாட்டில். "போங்க தாத்தா, போங்க" என்று நர்ஸ் சொல்லச் சொல்ல அவர் இன்னும் சுருங்கினார். கூச்சம் அவருக்குக் கூடவே பிறந்தது.

"சாயங்காலத்துக்குள்ள போகலேன்னா மறுபடி டியூப்தான். பையோடதான் வீட்டுக்கு அனுப்புவோம்" என்றாள் நர்ஸ்.

"பையை மாட்டிக்கிட்டு வர்றதுக்கு நான் இங்கயே கெடந்துடறேம்மா" என்று மருமகளிடம் மட்டும் மெதுவாகச் சொன்னார். கண் கலங்கியிருந்தது. அவர் கலங்கி அவள் பார்த்ததே இல்லை. மருந்து வேகத்தில் அவர் தூங்கிப்போக, அவளும் நாற்காலியிலேயே கண்ணை மூடினாள்.

நேரே தலைவர் முன்னால் போய் நின்றாள்.

"ஐயா, ஒரு கழிவறை கட்டணும். ஒரு குறையும் இருக்கக் கூடாது."

"மறுபடியுமா?"

விஷயத்தைச் சொன்னாள். பழைய தாழ்ப்பாள் கதையையும் சொன்னாள். தலைவர் நெற்றியைத் தேய்த்துக்கொண்டார்.

"மெத்தை நனையுமேம்மா?"

"நனையட்டும்யா. நனையணும்னுதான் கேக்கறேன்."

தலைவர் சிரித்தே விட்டார். சங்கமே வேலையை நிறுத்திவிட்டு அவரை வேடிக்கை பார்த்தது. "சரி, கட்டு. அவர் முழிச்சுக்கறதுக்குள்ள கட்டு!"

கூப்பிடாமலேயே எல்லோரும் வந்தார்கள். ஜன்னலம்மாள் வெளிச்சம் வந்தாலும் ஆள் தெரியாதபடி உயரத்தில் ஒரு ஜன்னல் வைத்தாள். படிக்கட்டுக்காரர் முதல் தடவையாக, முடிகிற படிக்கட்டு ஒன்றைக் கட்டினார். இரண்டே படி, கைப்பிடியோடு. குழாயை லேசாகத் திறந்து சொட்டவிட்டது தலைவரேதான். தாழ்ப்பாளை மட்டும் டேப்பக்கா யாரையும் தொடவிடவில்லை. டேப்பைக் கீழே வைத்துவிட்டுக் கண்ணளவிலேயே திருகினாள், கொஞ்சம் கோணலாக.

"அக்கா, எழுந்திரிங்க. பெட் நனைஞ்சிருச்சு!"

திட்டப் போகிறாள் என்று பதறி எழுந்தால், நர்ஸ் சிரித்துக்கொண்டு நின்றாள். "இனிமே டியூப் வேண்டாம்." டேப்பக்காவுக்கு வயிற்றில் பால் வார்த்தது போலிருந்தது. கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டு, தலைவரில் தொடங்கி ஒருவர் விடாமல் மனசுக்குள் கும்பிட்டாள்.

மாமனார் போர்வையை இழுத்து மூடிக்கொண்டு சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்திருந்தார். அவள் திரையை இழுத்துவிட்டு மாற்றுத் துணியை எடுத்தாள்.

"வெக்கமா இருக்கும்மா."

"எல்லாரும் சந்தோஷமா இருக்காங்க, நீங்க ஒருத்தர்தான் வெக்கப்படறீங்க மாமா."

துணி மாற்றி முடித்ததும் அவர் சுவரிடம் சொல்வது போலச் சொன்னார். "கனவுல ஒரு பாத்ரூம். சுத்தமா இருந்துச்சு, யாருமே இல்ல. தாழ்ப்பாள்கூட இருந்துச்சு. நான் வச்சது மாதிரியே கோணலா."

"நல்லா மூடுச்சா மாமா?"

"ம். நல்லா மூடுச்சு."

"நீங்க எனக்கு வச்சதும் அப்படித்தான் மாமா, இன்னைக்கு வரைக்கும் நல்லா மூடுது" என்றாள் டேப்பக்கா.