நாற்பது விநாடிப் பாரணை

தஞ்சாவூரில் எங்கள் தெருவுக்குள் வந்து நாகேஸ்வரன் வீடு என்று கேட்டால் யாரும் காட்டுவார்கள். வங்கியில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். முப்பத்திரண்டு வருஷமாக ஏகாதசியன்று அவருக்குப் பச்சைத் தண்ணீர் பல்லில் படாது. மறுநாள் துவாதசி காலையில், பஞ்சாங்கத்தில் போட்ட பாரணை நேரம், அதாவது விரதம் முடிக்கும் நேரம், முடிவதற்குள் சாப்பிட்டு இலையைக் காலி செய்துவிடுவார். ஒரு தடவைகூடத் தவறியதில்லை என்று அவரே சொல்வார். கேட்காவிட்டாலும் சொல்வார். பாரணைக்கு அகத்திக்கீரை எங்கள் வீட்டு மரத்திலிருந்துதான் போகும். விடிவதற்குள் கொண்டுபோய், அவர் மனைவி ஆனந்தம் மாமியோடு உட்கார்ந்து ஆய்ந்து கொடுப்பேன்.

மகள் அம்ருதா வெளிநாடு போகும்போது தன் லாப்ரடார் நாயை இவர்களிடம் விட்டுப் போனாள். புரூனோ என்ற பெயரைக் கேசவன் என்று மாற்றினார். அதோடு விட்டாரா மனுஷன்? அதற்கும் ஏகாதசி வைத்தார். நாள் முழுக்கப் பட்டினி. மறுநாள் தட்டு நிறைய நெய் விட்ட பருப்பு சாதத்தை எதிரே வைத்து, "கோவிந்தா" என்று அவர் சொல்லும்வரை உட்கார வைப்பார். சொன்னதும் பாயும். செல்போனில் படம் பிடித்து உறவுக்காரர்களுக்கெல்லாம் அனுப்புவார்.

"நாப்பதே செகண்ட்! பாரணை ஆச்சு!"

வந்தவர்கள் கைதட்டுவார்கள். நானும் தட்டியிருக்கிறேன், பாவி.

மாமிக்கு மட்டும் பொறுக்காது. மகள் போன வீட்டில் அவளுக்கு அந்த நாய்தான் பிள்ளை. ஊசி போட வந்த கால்நடை டாக்டர் கண்டித்தே சொல்லியிருந்தார். "பட்டினி போட்டுட்டு மொத்தமா வைக்காதீங்க. அவசரமா முழுங்கினா வயிறு ஊதித் திருகிக்கும், உயிரே போயிடும். கொஞ்சம் கொஞ்சமா வைங்க. தின்ன உடனே தண்ணியும் நிறைய குடுக்காதீங்க."

"அந்த டாக்டருக்கென்ன சாஸ்திரம் தெரியும்?" என்றார் நாகேஸ்வரன்.

ஆடி மாதத் துவாதசி. பாரணை நேரம் ஆறு நாற்பதோடு முடிகிறது. ஆறரைக்கு மாமி கேசவனைப் பக்கத்தில் உட்கார வைத்து, சின்னச் சின்ன உருண்டையாக ஊட்டிக்கொண்டிருந்தாள். இவர் வந்து தட்டைப் பிடுங்கி, சாதப் பாத்திரத்தை அப்படியே அதில் கவிழ்த்தார்.

"நாழியாறது! சீக்கிரம்டா! கோவிந்தா!"

கேசவன் மெல்லவேயில்லை. விழுங்கிவிட்டு, வாளித் தண்ணீரையும் குடித்தான். எட்டு மணிக்கு வயிறு தவில் மாதிரி ஆகிவிட்டது. வாந்தி எடுக்கப் பார்க்கிறான், நுரைதான் வருகிறது. "ஜெயபாரதி, ஆட்டோ கூப்பிடுடீ!" என்று மாமி என்னைப் பார்த்து அலறியது இன்னும் காதில் இருக்கிறது. ஆட்டோவில் என் காலடியில்தான் கிடந்தான். ஆஸ்பத்திரி வாசலிலேயே உயிர் போய்விட்டது.

"துவாதசியில போயிருக்கான். யாருக்குக் கிடைக்கும் இந்தப் புண்ணியம்?" என்று நாகேஸ்வரன் மகளிடம் போனில் சொன்னார். மாமி ஒரு சொட்டுக் கண்ணீர் விடவில்லை.

அடுத்த துவாதசியன்று பாரணை நேரம் முடிவது ஆறு ஐம்பதுக்கு. மாமி ஆறே முக்காலுக்குத்தான் இலையே போட்டாள். சாதத்தை மலையாகக் குவித்தாள். செல்போனை எடுத்து அவர் முகத்துக்கு நேரே பிடித்தாள்.

"நாழியாறது. சீக்கிரம். கோவிந்தா."

அவர் அவளைப் பார்த்தார், கடிகாரத்தைப் பார்த்தார். முப்பத்திரண்டு வருஷப் பெருமையாயிற்றே, விடுவாரா? அள்ளி அள்ளி விழுங்கினார். நாலாவது கவளம் தொண்டையில் நின்றது. கண் பிதுங்கிற்று. கை தண்ணீரைத் தேடிற்று.

"தின்ன உடனே தண்ணி குடுக்கப்படாதுன்னு டாக்டர் சொல்லியிருக்காரே," என்றாள் மாமி, படம் பிடித்துக்கொண்டே.

தண்ணீர்ச் சொம்பு என் பக்கத்தில்தான் இருந்தது. நான் கீரைக் காம்புகளைப் பொறுக்கிக்கொண்டிருந்தேன்.